அசலுக்கு மேல் ஓர் அசல்

வாலாஜாபாத் பக்கம் வட்டியை மாதக் கணக்கில்தான் பேசுவார்கள். நூற்றுக்கு மாதம் இரண்டு ரூபாய் என்றால் ‘ரெண்டு வட்டி’, ஒன்றரை ரூபாய் என்றால் ‘ஒன்றரை வட்டி’. அந்தக் கணக்கில் ஆண்டுக்கு 9 சதவீதம் என்று வங்கி தரும் வீட்டுக் கடன் வெறும் ‘முக்கால் வட்டி’. ஊரில் எவரும் தராத வட்டி. ரெண்டு வட்டிக்குக் கைமாற்று வாங்கி ஆறு மாதத்தில் அடைக்கிறவர் நூறு ரூபாய்க்குப் பன்னிரண்டு ரூபாய் வட்டி கட்டிவிட்டு எழுந்துபோகிறார். முக்கால் வட்டிக்கு 25 லட்சம் வாங்கி, 20 ஆண்டுத் தவணை போட்டவர் மாதம் 22,493 ரூபாய் வீதம் 240 மாதம் கட்டுகிறார். கூட்டினால் ஏறக்குறைய 53.98 லட்சம். அசலுக்கு மேல் இன்னோர் அசல், அதற்கும் மேல் நான்கு லட்சம். கடன் மலிவா கிராக்கியா என்பதை வட்டி விகிதத்தை மட்டும் வைத்துச் சொல்ல முடியாது. எத்தனை காலம் சுமக்கிறோம் என்பதுதான் அதன் விலை. இந்த வட்டாரத்தின் கடன் வரலாற்றைப் புரட்டினால் ஒன்று தெரிகிறது: கடன் வாங்கியவருக்குக் கிடைத்த பெரிய நிவாரணம், அவர் கட்டிய மொத்தத்தைக் கூட்டிப் பார்க்கச் சட்டம் ஒப்புக்கொண்டபோதுதான் கிடைத்தது. அந்தக் கூட்டல் எட்டாத இடத்தில்தான் இன்றைய வீட்டுக் கடன் வளர்ந்திருக்கிறது.

வாலாஜாபாத்துக்குத் தெற்கே, பாலாற்றைத் தாண்டினால் உத்திரமேரூர். முதலாம் பராந்தகன் காலத்தில், 919லும் 921லும் அங்கே வெட்டப்பட்ட கல்வெட்டுகளைக் குடவோலைத் தேர்தலுக்காகவே எல்லோரும் நினைவில் வைத்திருக்கிறோம். வாரியத்துக்குப் பெயர் எழுதப்பட வேண்டியவருக்கு அவை விதிக்கும் தகுதிகளில், கால் வேலிக்கு மேல் இறைநிலம் இருக்க வேண்டும் என்பதோடு சொந்த மனையில் வீடு கட்டிக் குடியிருக்க வேண்டும் என்பதும் ஒன்று. முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாமல் போனவரும் அவருடைய உறவினரும் விலக்கப்பட்டார்கள். வீடும் கணக்கும் ஊர்ப் பொறுப்புக்கு அடிப்படையாக இருந்த ஊர் அது. சோழர் காலச் சபைகள் கடன் வாங்கவும் செய்தன. கோயிலில் நந்தாவிளக்கு எரிக்க ஒருவர் பொன் வைப்பார். சபை அதை வாங்கிக்கொண்டு, முதலைத் தொடாமல், பொலிசையை, அதாவது வட்டியை மட்டும் கொண்டு சந்திராதித்தர் உள்ளவரை விளக்கெரிப்பதாகக் கல்லில் எழுதிக் கொடுக்கும். ராஜராஜனின் தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் இந்தப் பொலிசை ஆண்டுக்குக் காசு ஒன்றுக்கு அரைக்கால் காசு, அதாவது 12.5 சதவீதம். எட்டே ஆண்டில் வட்டி முதலுக்குச் சமமாகிவிடும். அதை யாரும் அநியாயமாகப் பார்க்கவில்லை, ஏனென்றால் அந்த முதல் திரும்பி வரவேண்டிய முதலே இல்லை. வாங்கிய சபைக்கும் சாவு கிடையாது. விளக்குக்கு விட்ட 96 ஆடுகளைக்கூட சாவா மூவாப் பேராடு என்றுதான் எழுதினார்கள். குடும்பம் அப்படியில்லை. அதன் சம்பாத்தியம் முப்பது, முப்பத்தைந்து ஆண்டுதான். அதில் இருபதை ஒரே கடனுக்கு எழுதிக் கொடுப்பது சபை வாங்கிய கடனைக் குடும்பம் வாங்குவது போன்றது.

தனியாள் கடனுக்குப் பழைய தரும சாத்திரம் வேறு அளவுகோல் வைத்திருந்தது. ஒரே நேரத்தில் வசூலிக்கும் வட்டி அசலைத் தாண்டக் கூடாது. தாம்துபட் என்று பின்னாளில் நீதிமன்றங்கள் அழைத்த விதி அது. பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரிலும் பிரிட்டிஷ் நீதிமன்றங்கள் அதைக் கடைப்பிடித்தன; சென்னை மாகாணத்தில் கைவிட்டன. ஒப்பந்தத்தில் எழுதியது எதுவோ அதுவே சட்டம் என்ற நோக்கு இங்கே எவ்வளவு தூரம் போயிற்று என்பதற்கு 1870இல் லண்டன் பிரிவி கவுன்சில் தீர்த்த பட்டாபிராமய்யர் வழக்கு சாட்சி. குறிப்பிட்ட கெடுவுக்குள் பணம் தராவிட்டால் அடமானமே கிரயமாகிவிடும் என்று எழுதியிருந்தால் அப்படியே ஆகும், கெடு கடந்தபின் மீட்கும் உரிமை இல்லை என்று அது சொல்லிவிட்டது. 1882இன் சொத்து மாற்றுச் சட்டம் வந்தபிறகுதான் மீட்கும் உரிமை அடமானத்தோடு பிறந்தது என்பது எழுத்தில் நிலைத்தது. வீட்டைத் திரும்பப் பெறும் வழி அதனால் திறந்தது. திரும்பப் பெறுவதற்குள் எவ்வளவு கட்டலாம் என்பதற்கு அந்தச் சட்டம் வரம்பு வைக்கவில்லை.

அடமானம் வைக்கவும் ஒரு மனை வேண்டும் என்பதை மறந்துவிட்டு இந்த வரலாற்றைச் சொல்ல முடியாது. 1891இல் செங்கல்பட்டு ஆட்சியராக இருந்த ட்ரெமன்ஹீர், மாவட்டத்தின் பறையர் நிலைமை பற்றி அரசுக்கு எழுதிய குறிப்புகளில் திரும்பத் திரும்ப வருவது குடியிருப்பு மனையின் கதை. சேரியில் குடிசை இருக்கும். அடியில் உள்ள மண் மிராசுதாருடையது. கூலி போதாது என்றாலோ, வேறிடத்தில் வேலைக்குப் போகிறேன் என்றாலோ மனையைக் காலி செய்யச் சொல்ல முடியும். அடகு வைக்க வீடில்லாதவர் அடகு வைத்தது தன் உழைப்பை. கலியாணத்துக்கோ சாவுக்கோ வாங்கிய சிறு தொகைக்காகப் படியாளாக நின்றவருடைய கடனில் விகிதம் என்ற ஒன்றே கிடையாது. காலம் மட்டும்தான் இருந்தது. அது மகன் தலையிலும் ஏறியது. அந்தக் குறிப்புகளைத் தொடர்ந்து 1892இல் ஒடுக்கப்பட்டோருக்கு நிலம் ஒதுக்கும் அரசாணை வந்தது. பஞ்சமி நிலம் என்று இன்றும் வழக்காடப்படுவது அதுதான். விற்கவும் அடகு வைக்கவும் கட்டுப்பாடு போட்டுக் கொடுத்தார்கள். கடன் இந்த நிலத்தை எவ்வளவு எளிதாக விழுங்கிவிடும் என்று கொடுத்தவர்களுக்குத் தெரிந்திருந்தது.

அதே பத்தாண்டில் சென்னை அரசு பிரெடரிக் நிக்கல்சனை ஐரோப்பாவுக்கு அனுப்பியது. 1895லும் 1897லும் இரண்டு தொகுதிகளாக வந்த அவருடைய அறிக்கை, ஜெர்மானிய ரைபைசன் சங்கங்களைப் போன்ற கூட்டுறவுக் கடன் சங்கங்களே வழி என்றது. 1904இல் கூட்டுறவுச் சட்டம் வந்தது. அந்த ஆண்டே அன்றைய செங்கல்பட்டு மாவட்டத்தின் திரூரில் விவசாயிகளுக்கான கடன் சங்கமும், அக்டோபரில் காஞ்சிபுரத்தில் நாட்டின் முதல் நகரக் கூட்டுறவுக் கடன் சங்கமும் பதிவாயின. இரண்டுமே இந்த வட்டாரத்துப் பிள்ளைகள் என்பதில் நியாயமான பெருமை உண்டு. தறிக்கு நூல் வாங்க முன்பணம், முன்பணத்துக்காகத் தறி என்று சுழன்ற காஞ்சிபுரத்தில் அப்படியொரு சங்கம் முளைத்ததில் வியப்பும் இல்லை. நீண்டகாலக் கடனுக்கு 1929இல் சென்னையில் மத்திய நில அடமான வங்கி வந்தது. வீட்டுக்கென்று மாநில அளவில் கூட்டுறவு வீட்டு அடமான வங்கி 1959இல் தொடங்கியது. இன்றைய தமிழ்நாடு கூட்டுறவு வீட்டுவசதி இணையம் அதுதான். இவை எல்லாம் விகிதத்தைக் குறைத்தன. அது சிறிய காரியம் இல்லை. ஆனால் மொத்தத்துக்கு வரம்பு என்ற கேள்வியை எடுத்தது இவை அல்ல, 1938ஆம் ஆண்டுச் சட்டம்.

1930களின் மந்தத்தில் நெல் விலை சரிந்தது. பத்திரத்தில் எழுதிய ரூபாய் மட்டும் சரியவில்லை. நூறு ரூபாய்க் கடனை அடைக்க முன்பு விற்றதைவிட மிக அதிக நெல்லை விற்க வேண்டியதாயிற்று. ராஜாஜி அமைச்சரவை கொண்டுவந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், 1932 அக்டோபர் 1க்கு முந்தைய கடன்களில் 1937 அக்டோபர் 1 வரை நின்ற வட்டி பாக்கியை முழுதாகத் தள்ளியது. அதோடு நிற்கவில்லை. அசலாகவோ வட்டியாகவோ இரண்டுமாகவோ அசலைப் போல் இரு மடங்கு கட்டியிருந்தால் கடனே தீர்ந்தது என்றது. பழைய தாம்துபட் ஒரு நேரத்தில் நிற்கும் வட்டியைத்தான் அளந்தது. ஆண்டாண்டாகக் கட்டி முடித்த வட்டியை அது எண்ணவில்லை. 1938 சட்டமோ கட்டிய ஒவ்வொரு ரூபாயையும் கூட்டியது. ஆகவே இதைப் பழைய விதியின் மறுபிறப்பு என்று சொல்வது அரைகுறை உண்மை. அதைத் தாண்டிய புதிய துணிவு இது. இதற்கு எதிராக அன்றே சொல்லப்பட்டது, இப்படிச் செய்தால் இனி யார் கடன் கொடுப்பார் என்பது. லேவாதேவிக்காரர் கையை இழுத்துக்கொள்வார் என்ற அச்சம் பொய்யும் அல்ல. ஆனால் அந்த வாதம் இருமடங்கு வரம்பைத் தவறென்று நிறுவவில்லை, மாற்றுக் கடன் வாசல் திறந்திருக்க வேண்டும் என்பதையே நிறுவுகிறது. கூட்டுறவுச் சங்கங்களுக்கு வரவேண்டிய கடனை இந்தச் சட்டம் தன் வரம்புக்கு வெளியே வைத்ததும் அதனால்தான். அங்கே ஒரு விதிவிலக்கு நுழைந்தது, பிறகு வளர்ந்தது. 1984இல் வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தில் 21ஏ என்ற பிரிவு சேர்ந்தது: வங்கி வாங்கும் வட்டி அதிகம் என்ற காரணத்தால் எந்த நீதிமன்றமும் கணக்கைத் திறந்து பார்க்கக் கூடாது. 2003இல் தமிழ்நாடு கந்துவட்டியையும் மீட்டர் வட்டியையும் தடை செய்தது. வீட்டுக் கடன் அந்தப் பேச்சிலேயே வரவில்லை.

1977இல் எச்.டி.எப்.சி. தொடங்கியபின் மாதத் தவணை என்ற வடிவம் நடுத்தரக் குடும்பத்துக்குப் பழக்கமானது. மாதாமாதம் ஒரே தொகை என்பது உண்மையிலேயே வசதி, சம்பளத்தோடு பொருந்துகிறது. ஆனால் அந்த ஒரே தொகைக்குள் அசலும் வட்டியும் இடம் மாறிக்கொண்டே இருப்பது வெளியே தெரியாது. மேலே சொன்ன 25 லட்சத்தில் முதல் தவணையான 22,493இல் வட்டி 18,750. அசலில் கழிவது 3,743. பத்து ஆண்டு ஒழுங்காகக் கட்டி, 27 லட்சம் கொடுத்தபிறகும் பாக்கி 17.76 லட்சம் நிற்கும். வாங்கியதைவிட அதிகம் கட்டியாயிற்று, மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் இன்னும் கடன். நீண்ட காலம் பல நிறுவனங்கள், மாதாமாதம் வாங்கிய தவணையை ஆண்டு முடிவில்தான் அசலில் கழித்தன. அதே விகிதம், கூடுதல் வட்டி. மாறும் வட்டி வந்தபிறகு காலமே நழுவத் தொடங்கியது. 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4 சதவீதத்திலிருந்து 6.5க்கு ஏற்றியது. 7 சதவீதத்துக்கு 25 லட்சம் வாங்கி 19,382 ரூபாய் கட்டிவந்தவருக்கு ஓராண்டு கழித்து விகிதம் 9.5 ஆனால், பாக்கிக்கு அந்த மாத வட்டியே 19,321. அசலில் கழிவது அறுபத்தொரு ரூபாய். தவணைத் தொகையை மாற்றாமல் காலத்தை நீட்டினால் அந்தக் கடனுக்கு அறுபது ஆண்டு போதாது. விகிதம் மாறும்போது தவணையும் காலமும் என்ன ஆகும் என்பதைக் கடன்காரரிடம் சொல்லியே ஆகவேண்டும் என்று 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவிட நேர்ந்தது இந்தச் சூழலில்தான்.

இருபது ஆண்டுக்குப் பிந்தைய ரூபாயையும் இன்றைய ரூபாயையும் ஒன்றாகக் கூட்டுவது தவறு, பணவீக்கம் கடனைக் கரைத்துவிடும் என்று பொருளாதாரம் படித்தவர்கள் சொல்வார்கள். பாதி சரி. விலைவாசி ஏறுவதால் கடன் கரையாது. சம்பளம் ஏறினால்தான் கரையும். ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் ஆலைகளில் ஒப்பந்தக் கூலிக்குப் போகிறவருக்கும் பட்டுத்தறி நெய்கிறவருக்கும் விலைவாசியோடு சம்பளம் ஏறும் என்று யார் உறுதி தருவது? விலை எப்போதும் ஏறுமுகம்தான் என்று நினைத்தவர்களுக்கு 1930கள் கொடுத்த பதிலை மேலே பார்த்தோம். வாடகை மிச்சமாகிறதே என்பது அடுத்த வாதம். அதுவும் மெய். ஆனால் முதல் ஆண்டுகளில் மாதம் பதினெட்டாயிரத்துக்கு மேல் வட்டி மட்டும் போகிறது. அதே அளவு வீட்டுக்கு வாலாஜாபாத்தில் அந்த வாடகை கொடுக்க யாரும் வரமாட்டார்கள். வரிச் சலுகையைச் சொல்வோரும் உண்டு. பழைய வரி முறையில், தான் குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு. புதிய முறையில் அதுவும் கிடையாது. வரி கட்டும் அளவுக்கே வருமானம் இல்லாதவருக்கு இரண்டும் ஒன்றுதான். கடன் வாங்காதே என்று நான் வாதிடவில்லை. கடனில்லாமல் இந்தத் தலைமுறையில் கூலிக்காரர் வீடு கட்டியிருக்க முடியாது. 20 ஆண்டை 15 ஆக்கினால் தவணை 25,357. மாதம் 2,864 ரூபாய் கூடுதல், மொத்தத்தில் எட்டேகால் லட்சத்துக்கு மேல் மிச்சம். 30 ஆண்டாக்கினால் தவணை 20,116 ஆகக் குறையும், மொத்தம் 72.42 லட்சமாக ஏறும். மாறும் வட்டிக் கடனை முன்கூட்டி அடைக்கும் தனிநபரிடம் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்பது 2012 முதல் விதி. சீட்டு எடுத்த பணம், போனஸ், நகை விற்ற பணம் எது வந்தாலும் முதல் சில ஆண்டுகளிலேயே அசலில் கட்டினால் அதற்கு நிகரான சேமிப்பு வேறில்லை.

மனையின் பழைய கதை இங்கேதான் திரும்ப வந்து நிற்கிறது. உத்திரமேரூர், வாலாஜாபாத் ஒன்றியக் கிராமங்களில் நத்தத்தில் தலைமுறையாகக் குடியிருந்தும் முறையான பட்டாவோ மூலப்பத்திரமோ கையில் இல்லாத வீடுகள் உண்டு. அவர்களுக்கு முக்கால் வட்டி வங்கியின் கதவு எளிதில் திறக்காது. ஒன்றேகால் வட்டி, அதாவது 15 சதவீதம் கேட்கும் நிதி நிறுவனத்துக்குத்தான் போக வேண்டும். 20 ஆண்டுக்கு அந்த விகிதத்தில் ஒரு லட்சத்துக்கு மாதம் 1,317 ரூபாய். கட்டி முடிக்கையில் 3.16 லட்சம். 1938 சட்டம் எங்கே கடன் தீர்ந்தது என்றதோ, அந்த இடத்தை இவர் பதின்மூன்றாம் ஆண்டிலேயே தாண்டிவிடுவார், இன்னும் ஏழாண்டு பாக்கியிருக்கும். தவணை தவறினால் 2002ஆம் ஆண்டுச் சட்டப்படி நீதிமன்றம் போகாமலே வீட்டைக் கையகப்படுத்தலாம். விவசாய நிலத்துக்கு அந்தச் சட்டத்தில் விலக்கு உண்டு, வீட்டுக்கு இல்லை.

2024 அக்டோபர் 1 முதல் தரப்படும் சில்லறைக் கடன்களுக்கு முக்கிய விவரத் தாள் கட்டாயம். ஆண்டு வட்டியோடு கட்டணங்களையும் சேர்த்த உண்மையான சதவீதம், தவணை அட்டவணை, கடன்காரர் கட்டப்போகும் மொத்தத் தொகை எல்லாம் அதில், அவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும். அதற்கு முன் கடன் வாங்கியவர் கிளையில் போய்த் தன் தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கிக்கொள்ளலாம். பாக்கி அசல், மீதிக் காலம் என்ற இரண்டு கட்டங்களை வாங்கிய நாளில் இருந்தவற்றோடு ஒப்பிட்டாலே, 2022க்குப் பிறகு காலம் எத்தனை மாதம் நீண்டது என்பது தெரிந்துவிடும்.