ஈட்டின் விலையும் எல்லையும்: புத்தளக் கரையோரக் காணிக் கடன்கள் பற்றி

புத்தளம் மாவட்டக் கரையோரத்தில் காணியை வைத்துப் பணம் பெற மூன்று வழிகள் இன்றும் பக்கம் பக்கமாக இயங்குகின்றன. வங்கிக்கு ஈட்டு உறுதி எழுதிக் கொடுத்து மாதத் தவணையில் திருப்புவது ஒன்று. தென்னங்காணியை ஒத்திக்கு விட்டு, வட்டிக்குப் பதிலாக விளைச்சலை ஒப்படைப்பது இன்னொன்று. இத்தனை ஆண்டுக்குள் திருப்பி வாங்கிக்கொள்ளலாம் என்ற நிபந்தனையோடு காணியை விற்பனையாகவே எழுதிக் கொடுப்பது மூன்றாவது. வங்கிக் கடன் மலிவானது, ஒத்தி பழைய சுரண்டல், நிபந்தனை உறுதி பொறி என்பது கிராமியக் கடன் பற்றிப் பேசுவோர் வழக்கமாகத் தரும் வரிசை. மூன்றாவது தீர்ப்போடு எனக்கு வழக்கில்லை. முதல் இரண்டும் பாதி உண்மைகள். கடனின் விலை என்ன என்று மட்டும் கேட்டால்தான் அந்த வரிசை நிற்கும். நிலைமை கெட்டால் இந்தக் கடன் எதுவரை வளரும் என்ற கேள்வியையும் சேர்த்தால் வரிசை குலைகிறது. நீண்டகாலச் செலவு என்பது இரண்டு கேள்விகளுக்குமான விடை என்பதே இக்கட்டுரையின் வாதம்.

வங்கிக் கடனிலிருந்து தொடங்கலாம். 30 இலட்சம் ரூபாய், 20 ஆண்டு, ஆண்டுக்கு 9 சதவீதம் என்று வைப்போம். மாதத் தவணை ஏறத்தாழ 26,992 ரூபாய். முதல் தவணையில் 22,500 ரூபாய் வட்டிக்கே போய்விடுகிறது. முதலில் கழிவது 4,492 ரூபாய். பத்தாம் ஆண்டு முடிவில் கடன்காரர் 32.39 இலட்சம் கட்டியிருப்பார். வாங்கிய முதலைவிட அது அதிகம். ஆனாலும் 21.31 இலட்சம் பாக்கி நிற்கும். இருபது ஆண்டில் கட்டும் மொத்தம் 64.78 இலட்சம். சமத் தவணை முறையின் இயல்பே இதுதான்; இதில் ஒளிவுமறைவு எதுவும் இல்லை. ஆனால் பாதிக் காலம் கடந்தால் பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்று மனம் போடும் கணக்கு இங்கே பொருந்துவதில்லை. ஏழாம் எட்டாம் ஆண்டில் காணியை விற்றுக் கடனை அடைக்க வருபவர்கள் மீதித் தொகையைப் பார்த்துத் திகைப்பதற்குக் காரணம் இது.

இந்தக் கணக்கு முழுவதும் வட்டி வீதம் அசையாது என்ற எடுகோளின் மேல் நிற்கிறது. இலங்கையில் வீட்டுக் கடன்கள் பல, முதல் சில ஆண்டுகளுக்கு மட்டும் நிலைத்த வீதத்தில் ஓடி, பிறகு வங்கிகள் தம் சிறந்த வாடிக்கையாளருக்குக் கொடுக்கும் கடன்களின் சராசரியான, சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதத்தோடு பிணைக்கப்படுபவை. 2021 நடுப்பகுதியில் மத்திய வங்கி வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் துணைநில் கடன்வழங்கல் வசதி வீதம் 5.50 சதவீதம். 2022 ஏப்ரல் 8 அன்று ஒரே அறிவிப்பில் அது 7.50 இலிருந்து 14.50 ஆகியது. 2023 மார்ச்சில் 16.50ஐத் தொட்டது. முதன்மைக் கடன்வழங்கல் வீதமோ 2022 இறுதியில் 27 சதவீதத்தைத் தாண்டியது.

மேற்சொன்ன கடன் இரண்டு ஆண்டு ஓடிய பின் வீதம் 24 சதவீதமாக மாறியது என்று கொள்வோம். அப்போது பாக்கி சுமார் 28.82 இலட்சம். அதற்கு ஒரு மாத வட்டி மட்டும் 57,647 ரூபாய். பழைய தவணையான 26,992 ரூபாயைத் தவறாமல் கட்டினாலும் மாதம் 30,000 ரூபாய்க்கு மேல் கடன் வளரும். மீதி 18 ஆண்டில் தீர்க்க வேண்டுமானால் தவணை 58,459 ரூபாயாக வேண்டும். ஒழுங்காகக் கட்டுபவரின் கடனும் பெருகக்கூடும் என்பதை வங்கியில் கையொப்பமிடும் நாளில் தரப்படும் தவணை அட்டவணை காட்டுவதில்லை. அந்த அட்டவணை சொல்வது வீதம் அசையாத வரைக்குமான விலையை.

இங்கே ஒரு மறுப்பு எழும். அதை எளிதில் தள்ள முடியாது. 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி பணவீக்கம் 69.8 சதவீதம். அப்படிப்பட்ட ஆண்டில் 24 சதவீத வட்டி உண்மையில் எதிர்மறை வட்டி. பணத்தின் பெறுமதி கரைந்தபோது கடனும் கரைந்தது. ஆகவே ரூபாயைக் கூட்டிக் காட்டுவது தவறான அளவுகோல் என்பார் பொருளியலாளர். தர்க்கம் சரி. ஆனால் கடன் கரைவது வருமானம் விலையோடு சேர்ந்து ஏறுபவருக்குத்தான். புத்தளத்தில் அத்தகையோர் இருந்தார்கள். குவைத்திலும் கட்டாரிலும் வேலை செய்த பெண்கள் அனுப்பிய பணத்துக்கு டொலர் ஒன்றுக்கு 200 ரூபாய் அளவில் கிடைத்தது, சில வாரங்களில் 360 ரூபாய் அளவுக்கு ஏறியது. அந்த வீடுகளில் இரட்டிப்பான தவணையைக்கூடத் தாங்க முடிந்தது. அரச பாடசாலை ஆசிரியரின் சம்பளமோ, உப்பளக் கூலியோ அவ்வாறு ஏறவில்லை. ஒரே வங்கி, ஒரே வீதம், ஒரே உறுதி; உண்மைச் செலவு மட்டும் இரு வீட்டில் இரு வேறு. வருமானம் எந்த நாணயத்தில், எந்த வேகத்தில் வருகிறது என்று கேட்காமல் கடனின் விலையைச் சொல்ல முடியாது.

எந்த மாதத்தில் வருகிறது என்பதும் அதே அளவு முக்கியம். உடப்புக் கரைவலை தென்மேற்குப் பருவக்காற்றின் மாதங்களில் அடங்கிவிடும். கடல் தணிந்த பிறகே மீண்டும் வலை இறங்கும். புத்தளம் களப்போர உப்பளங்களில் உப்பு வாரப்படுவது வெயில் கூடிய இரண்டு காலங்களில். மழை காலம் தவறிப் பெய்தால் ஒரு போகமே போய்விடும். 2024 இறுதி மழைக்குப் பிறகு, கடல் சூழ்ந்த இந்த நாடு 2025 இல் உப்பை இறக்குமதி செய்ய நேர்ந்தது. கற்பிட்டிக் குடாநாட்டு மணலில் வெங்காயமும் மிளகாயும் கிணற்று நீரை நம்பி, சந்தை விலையை நம்பி விளைகின்றன. தென்னை இரண்டு மாதத்துக்கு ஒரு பறிப்பு. வங்கித் தவணை மட்டும் ஒவ்வொரு மாதமும் ஒரே தொகையில், ஒரே தேதியில் வந்து நிற்கிறது.

இந்த இடைவெளியைக் குடும்பங்கள் நகையால் நிரப்புகின்றன. வலை இறங்காத மாதங்களில் ஒரு சோடி காப்பு அடகுக்குப் போய், அதில் வரும் பணம் வீட்டுக் கடனுக்குப் போகிறது. ஆகவே வீட்டுக் கடனின் மெய்யான வட்டி, உறுதியில் எழுதிய வட்டியும் அதைக் கட்டுவதற்காக வாங்கிய அடகின் வட்டியும் சேர்ந்தது. தவணை தவறினால் அபராத வட்டியும் கூடும். சலுகைக் காலம் கொடுக்கப்பட்டு அந்த மாதங்களின் வட்டி முதலோடு சேர்க்கப்பட்டால், அதுவும் வட்டிக்கு வட்டியாகிறது. இவற்றில் ஒன்றுகூடத் தவணை அட்டவணையில் இடம்பெறுவதில்லை.

மறுபக்கமும் உண்டு. அதே 30 இலட்சத்துக்குத் தொடக்கம் முதல் மாதம் 5,000 ரூபாய் கூடக் கட்டினால், 9 சதவீதத்தில் கடன் 163 மாதங்களில் முடியும். மொத்தக் கொடுப்பனவு 52 இலட்சம் அளவில் நின்றுவிடும். 12 இலட்சத்துக்கு மேல் மிச்சம். மாதம் கூடக் கட்ட முடியாதவர்களும் வலை நிறைந்த ஆண்டில் ஒரு பெருந்தொகையை முதலில் இறக்க முடியும். பருவ வருமானக்காரருக்கு இதைவிடப் பொருத்தமான வழி இல்லை. கடனை முன்கூட்டியே அடைப்பதற்குக் கட்டணம் விதிக்கும் ஒப்பந்தப் பிரிவு இந்த வழியில்தான் குறுக்கே நிற்கிறது.

இறால் பண்ணைகளின் கதை இதை இன்னும் ஒரு படி கொண்டுபோகிறது. 1980களில் முந்தல் களப்பையும் டச்சுக் கால்வாயையும் ஒட்டிப் பரவிய இறால் குளங்கள், 1996 இல் வெண்புள்ளி நோய் வந்தபோது அலையலையாகக் கைவிடப்பட்டன. வருமானம் நின்றது ஒரு பக்கம். உவர் நீர் தேங்கிய நிலம் நெல்லுக்கும் தென்னைக்கும் திரும்பாமல் போனது மறுபக்கம். கடனைக் கட்ட வேண்டிய தொழிலும், கடனுக்குப் பின்னால் நிற்க வேண்டிய நிலத்தின் பெறுமதியும் ஒரே நோயில் விழுந்தன. ஒரே தொழிலை நம்பிய கரையோரத்தில் இது விதிவிலக்கு அல்ல. ஊரெல்லாம் விற்க வரும் ஆண்டில் காணி விலை விழும். ஏலத்துக்கு வரும் காணி அந்த ஆண்டில்தான் வரும்.

இப்போது ஒத்தி. இரண்டு ஏக்கர் தென்னை, ஏக்கருக்கு 64 மரம், மரத்துக்கு ஆண்டில் 50 காய் என்றால் 6,400 காய். பறிப்பும் பசளையும் போகக் காய் ஒன்றுக்கு 35 ரூபாய் மிஞ்சினால் 2.24 இலட்சம். அந்தக் காணி 10 இலட்சத்துக்கு ஒத்தியில் இருந்தால் மறைந்திருக்கும் வட்டி 22.4 சதவீதம். காய்க்கு 70 ரூபாய் மிஞ்சும் ஆண்டில் அது 44.8 சதவீதமாகிறது. விலையை மட்டும் பார்த்தால் ஒத்தி கொடுமைதான். விளைச்சலை முழுதாக இழந்த குடும்பம் முதலைத் திரட்டுவது எப்படி என்ற கேள்வியும் நியாயமானது. பல ஒத்திகள் தலைமுறை கடப்பதற்குக் காரணம் அது. ஆனால் எல்லையைப் பாருங்கள். வறட்சியில் காய் உதிர்ந்தாலும், சந்தை விழுந்தாலும், மத்திய வங்கி என்ன அறிவித்தாலும், மீட்கும் தொகை அதே 10 இலட்சம். விளைச்சலின் ஆபத்து பணம் கொடுத்தவர் தலையில். வங்கிக் கடனில் அந்த ஆபத்து முழுவதும் வாங்கியவர் தலையில். மலிவான கடனுக்கு மேல்வரம்பு இல்லை. விலை கூடிய கடனுக்கு உண்டு.

யாழ்ப்பாணத்து வழக்காற்றுச் சட்டமான தேசவழமை, 1707 இல் டச்சு ஆட்சி அதைத் தொகுத்தபோதே, ஒத்தியின் மீட்பை விளைச்சல் பருவத்தோடு இணைத்துப் பார்த்தது. அச்சட்டம் புத்தளத்துக்குப் பொருந்தாது. இங்கே ஆள்வது உரோமன்-டச்சுப் பொதுச் சட்டமும் அதன் மேல் வந்த சட்டங்களும். ஆயினும் அந்தப் பழைய விதிக்குப் பின்னிருக்கும் அறிவு, கடனின் நாட்காட்டி நிலத்தின் நாட்காட்டியை ஒட்டியிருக்க வேண்டும் என்பது. மேலே பார்த்த மாதத் தவணை ஏற்பாட்டில் அது தென்படவில்லை. ஒத்தியைப் புனிதப்படுத்துவது என் நோக்கமில்லை. வட்டியை மார்க்க ரீதியாகத் தவிர்க்க விரும்பி ஒத்தியை நாடும் புத்தளம் முஸ்லிம் குடும்பங்களுக்கு, கடன் கொடுத்தவர் அடமானப் பொருளின் பயனை அனுபவிப்பதும் வட்டியே என்பது பெரும்பாலான இஸ்லாமியச் சட்ட (ஃபிக்ஹ்) அறிஞர்களின் நிலைப்பாடு என்பதையும் சொல்லத்தான் வேண்டும். 2011 இல் வணிக வங்கியாகத் தொழிற்படத் தொடங்கிய அமானா வங்கி போன்றவை தரும் குறைந்துசெல்லும் முஷாரகா, வீட்டில் வங்கியின் பங்கைப் படிப்படியாக வாங்கிக்கொண்டு மீதிப் பங்குக்கு வாடகை கட்டும் ஏற்பாடு. மார்க்கத் தீர்ப்பு வேறு. செலவுக் கணக்கு வேறு. செலவுக் கணக்குக்கு அங்கும் கேட்க வேண்டிய கேள்வி, வாடகை எதோடு பிணைக்கப்பட்டு, எந்த வரம்பு வரை மறுசீரமைக்கப்படும் என்பதுதான்.

நிபந்தனை உறுதியில் எல்லை உண்டு. அந்த எல்லை முழுக் காணி. காணி விலையில் ஒரு பங்கைக் கடனாக வாங்கியவர், மீட்புக் காலம் ஒரு நாள் தப்பினாலும் மீதிப் பங்கையும் இழக்கிறார். 1917ஆம் ஆண்டு நம்பிக்கைப் பொறுப்புகள் கட்டளைச் சட்டத்தின் 83ஆம் பிரிவின் கீழ், விற்பனை போல் எழுதப்பட்டாலும் உரிமையாளர் காணியின் பயனைக் கைவிட எண்ணவில்லை என்று சூழ்நிலை காட்டினால், வாங்கியவர் அதை நம்பிக்கைப் பொறுப்பாளராகவே வைத்திருக்கிறார் என்று நீதிமன்றம் கொள்ளலாம். 1941ஆம் ஆண்டின் 39ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் அமைத்த கடன் இணக்கச் சபையும் இத்தகைய உறுதிகளை எடுத்துப் பார்க்கும். ஆனால் மீட்புக் காலம் முடியுமுன்பே அதனிடம் போக வேண்டும். காலம் முடிந்த பிறகே வழக்கறிஞரைத் தேடும் பழக்கம்தான் இந்தப் பரிகாரத்தைப் பலவேளை வீணாக்குகிறது.

வங்கிக் கடன் நாட்டில் ஏன் வந்தது என்பதையும் மறக்கக்கூடாது. 1930களின் பெருமந்தத்தில் கொப்பரை விலையும் இறப்பர் விலையும் விழுந்தபோது, வட்டிக்குக் கடன் கொடுத்த செட்டியார்களிடம் ஈடு வைக்கப்பட்ட தோட்டங்கள் கைமாறின. 1931 இல் அரச ஈட்டு வங்கியும், 1934ஆம் ஆண்டு வங்கி ஆணைக்குழுவைத் தொடர்ந்து 1939 இல் இலங்கை வங்கியும் எழுந்தது அந்தப் பின்னணியில். குறைந்த வட்டியில் நீண்டகாலக் கடன் என்பது உண்மையான விடுதலையாகவே அன்று இருந்தது. 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம் நீதிமன்றம் போகாமல் பணிப்பாளர் சபைத் தீர்மானத்தாலேயே ஈட்டுச் சொத்தை ஏலமிடும் 'பராட்டே' அதிகாரத்தை வங்கிகளுக்குத் தந்தபோது அந்த ஏற்பாட்டின் தன்மை மாறியது. 2011 திருத்தம் 50 இலட்சம் ரூபாய்க்குக் குறைந்த முதலுள்ள கடன்களை அதிலிருந்து விலக்கியது. 2022 பொருளாதார நெருக்கடிக்குப் பின் 2024 இல் அதிகாரமே தற்காலிகமாக நிறுத்தப்பட்டு, அந்த நிறுத்தம் 2025 மார்ச் இறுதி வரை நீண்டது. வட்டி உயர்ந்த காலத்தில் கடனின் மேல்வரம்பைச் சட்டமியற்றுவோரே தேடிப்போக வேண்டியிருந்தது என்பதற்கு இதைவிடச் சான்று தேவையில்லை. ஆனால் அந்த வரம்பு எல்லாருக்கும் ஒரே நேரத்தில், பிந்தி, தற்காலிகமாக வந்தது.

இந்த மூன்று வழிகளுக்கும் வெளியே நிற்பவர்களும் இருக்கிறார்கள். 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகளால் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களில் பெரும்பகுதியினர் புத்தளத்திலும் கற்பிட்டியிலும் குடியேறினார்கள். தெளிவான உறுதி இல்லாத துண்டுக் காணியில் கட்டிய வீட்டை எந்த வங்கியும் ஈடாக ஏற்காது. 2007 இல் உலக வங்கி உதவியோடு தொடங்கிய புத்தளம் வீடமைப்புத் திட்டம் மானியமாக வந்ததற்கு அதுவும் ஒரு காரணம் என்று கருதுகிறேன். ஈடு வைக்க முடியாத காணிக்கும் ஒரு விலை உண்டு. அதை நகையும் நுண்கடனும் வசூலிக்கின்றன.

2023ஆம் ஆண்டின் நிதியியல் நுகர்வோர் பாதுகாப்பு ஒழுங்குவிதிகள் வங்கிகளின் வெளிப்படுத்தல் கடமையை இறுக்கியுள்ளன. அவை கேட்கும் விவரங்களோடு இன்னும் மூன்று வரிகளைத் தவணை அட்டவணையில் சேர்ப்பது கடினமான வேலை அல்ல: ஒவ்வொரு ஐந்தாண்டு முடிவிலும் நிற்கும் பாக்கி, வட்டி வீதம் கடந்த இருபது ஆண்டில் தொட்ட உச்சத்துக்கு மீண்டும் போனால் வரும் தவணை, அந்த உச்சத்தில் பழைய தவணையே தொடர்ந்தால் மாதம் எவ்வளவு கடன் கூடும் என்ற தொகை. மேலே எடுத்த 30 இலட்சக் கடனுக்கு, வீதம் 24 சதவீதமானாலே, அந்தக் கடைசி வரியில் இருக்க வேண்டிய எண் 30,655.