கோட்டை கட்டிய விதை

நிலாவைச் சுற்றி மங்கலாக ஒரு வளையம் தெரிந்தால், "நிலா கோட்டை கட்டியிருக்கு, மழை வரும்" என்பார்கள். கைக்கு எட்டாததை நினைத்துக்கொண்டே பொழுதைக் கழிப்பவன் மனக்கோட்டை கட்டுகிறான். தாமிரபரணிப் பாசனத்திலும் நாஞ்சில் நாட்டிலும் இன்னொன்றையும் கோட்டை கட்டினார்கள். அது விதைநெல். முதல் இரண்டும் இன்னும் பேச்சில் இருக்கின்றன. மூன்றாவதைச் சொன்னால் இளையவர்கள் செஞ்சிக் கோட்டையை நினைத்துக்கொள்கிறார்கள்.

பார்க்காதவர்களுக்காகச் சொல்கிறேன். களத்தில் நல்ல வைக்கோலாகப் பார்த்து ஒதுக்கி, கைத்தடிமனுக்குப் புரி திரிப்பார்கள். அடியில் வைக்கோலைப் பரப்பி, காய்ந்த விதைநெல்லை நடுவில் கொட்டி, விளிம்பைத் தூக்கி மூடி, புரியை இழுத்து இழுத்துச் சுற்றுவார்கள். ஒருவர் சுற்ற, ஒருவர் மிதிக்க அல்லது தடியால் தட்டி இறுக்க வேண்டும். முடிந்ததும் பெரிய பூசணிக்காய் போல உருண்டையாக ஒன்று நிற்கும். மேலே சாணி மெழுகிக் காயவைத்தால் பூச்சி உள்ளே போகாது. விதைப்புக் காலம் வந்தால் அதைப் பிரிப்பதுகூட இல்லை. கோட்டையை அப்படியே உருட்டிக்கொண்டு போய்த் தண்ணீரில் போட்டு ஊறவைத்து, எடுத்துக் கரையில் வைப்பார்கள். உள்ளேயே சூடேறி நெல் முளைவிடும். பிறகுதான் புரியை அறுத்து நாற்றங்காலில் தெளிப்பது. சேமிக்கிற பாத்திரமும் முளைகட்டுகிற பாத்திரமும் ஒன்றே. அந்தப் பாத்திரமும் அதே பயிரின் வைக்கோல்.

சரி, இதற்கு ஏன் கோட்டை என்று பெயர்? கோடுதல் என்றால் வளைதல். கோடாத நீதி வளையாத நீதி. அரணைக் குறிக்கும் கோட்டையை இந்த வேரோடு சேர்ப்பாரும் உண்டு, தனியாக வைப்பாரும் உண்டு. எனக்கு நிலாவும் நெல்லும் போதும். நிலாக் கோட்டையில் மதில் இல்லை, காவலாள் இல்லை; சுற்றி வளைத்திருக்கும் ஒரு வட்டம்தான் இருக்கிறது. நெற்கோட்டையிலும் சுற்றி வரும் புரிதான் கோட்டை. உயரமும் கல்லும் பீரங்கியும் சினிமா கொண்டுவந்து சேர்த்தவை. சுற்றுவதுதான் இந்தச் சொல்லின் உயிர் என்பது என் கட்சி.

(கொட்டை வேறு, கோட்டை வேறு. புளியங்கொட்டையும் விதைதான் என்பதால் இரண்டையும் முடிச்சுப் போடுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். நெடிலைக் குறிலாக்கிவிட்டால் எதையும் எதனோடும் சேர்த்துவிடலாம்.)

கோட்டை ஓர் அளவும்கூட. திருநெல்வேலிக் கணக்கில் 21 மரக்கால் ஒரு கோட்டை. வைக்கோல் கட்டின் பெயர்தான் அளவுக்கு ஏறியிருக்க வேண்டும் என்று நினைக்கிறேன். காரணம் துளு நாட்டில் இருக்கிறது. அங்கே வைக்கோல் புரியால் சுற்றிக் கட்டும் உருண்டைக்கு 'முடி' என்று பெயர். அந்த முடியே அரிசிக்கும் குத்தகைக்கும் அளவாக இருந்தது. நம் 'நாற்றுமுடி'யில் இருக்கும் முடியும் அதன் உறவுதான்.

அளவாக நெல்லில் நின்ற சொல் அடுத்து நிலத்துக்குப் போயிற்று. ஒரு கோட்டை விதை தெளிக்கத் தேவையான நிலம் 'ஒரு கோட்டை விதைப்பாடு'. பழைய பத்திரங்களில் வயலின் பரப்பை இப்படித்தான் எழுதியிருப்பார்கள். சங்கிலி பிடித்து அளக்காமல், இந்த வயல் எவ்வளவு விதை கேட்கும் என்று அளந்த காலம் அது. ஏக்கரும் சென்டும் வந்த பிறகு, நிலத்தின் கணக்கிலிருந்து விதை வெளியேறிவிட்டது.

பெயர் கோட்டையாக இருந்தாலும் அது நெடுநாள் காக்கும் பொருள் அல்ல. விதையின் எதிரிகள் ஈரமும் சூடும். ஈரப்பதத்தில் ஒரு விழுக்காடு குறைந்தால் விதையின் ஆயுள் ஏறத்தாழ இரண்டு மடங்காகும் என்பது விதையியலில் நெடுங்காலமாகச் சொல்லப்படும் கணக்கு. நன்றாகக் காயவைத்து, இறுகச் சுற்றி, மெழுகிவிட்டால் அடுத்த விதைப்புவரை முளைப்புத்திறன் தாங்கும். நம் ஊர் வெக்கையில் ஆண்டுகள் ஏற ஏற நெல் விதை பதராகாமலே செத்துப்போகும். பார்வைக்கு நெல், மண்ணில் போட்டால் ஒன்றுமில்லை. ஆக, கோட்டை கட்டியவர் ஒரு போகத்துக்குத்தான் கட்டினார். அதை உடைத்து, விதைத்து, விளைவித்து, புது வைக்கோலில் புதுக் கோட்டை கட்டினால்தான் ரகம் பிழைக்கும்.

இந்தச் சங்கிலி எங்கே அறுந்தது? கடையில் பையில் அடைத்த விதை கிடைத்தபோது என்பது எல்லோரும் சொல்லும் விடை. அதைவிடச் சின்னக் காரணம் ஒன்று உண்டு: வைக்கோலின் நீளம். 1966-இல் ஐ.ஆர். 8 வந்தது. உரம் போட்டாலும் சாயாத குட்டைப் பயிர். மகசூலைக் கூட்டியது, பஞ்சத்துக்கு அஞ்சிய நாட்டுக்கு அது வேண்டியிருந்தது. அதைக் குறை சொல்லி இன்று எழுதுவது எளிது. அந்தக் காலத்து ரேஷன் வரிசையில் நின்றவர்கள் எழுதமாட்டார்கள். ஆனால் ஆள் மறைகிற உயரத்துக்கு வளர்ந்த பழைய ரகங்களின் தாளில் திரித்த புரியைக் குட்டைத் தாளில் திரிக்க முடியாது. பின்னால் வந்த அறுவடை இயந்திரம் இருக்கிற வைக்கோலையும் நொறுக்கிப் போட்டது. புது விதை பழைய விதையை மட்டுமல்ல, அதைக் கட்டிவைக்கும் கயிற்றையும் சேர்த்தே கொண்டுபோயிற்று.

போனதில் என்ன நட்டம் என்று கேட்டால், ஒரு நோயின் கதையைச் சொல்லலாம். ஆசியாவின் புது நெல் ரகங்களைப் புல்போலக் குட்டையாக்கிய ஒரு வைரஸ் நோய்க்கு எதிர்ப்பு தேடி, பிலிப்பைன்சிலுள்ள சர்வதேச நெல் ஆராய்ச்சி நிலையத்தார் ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட மாதிரிகளைச் சோதித்தார்கள். எதிர்ப்பு இருந்தது ஒன்றில்தான்: உத்தரப் பிரதேசத்தில் சேகரித்த ஒரைசா நிவாரா என்ற காட்டு நெல்லில். அதைக் கலந்து பிறந்தவற்றில் ஒன்றுதான் 1976-இல் வெளிவந்த ஐ.ஆர். 36. யாரும் உலையில் போட விரும்பாத ஒரு புல் அந்தக் காட்டு நெல்; அது செத்திருந்தால் அந்த எதிர்ப்பும் கூடவே செத்திருக்கும்.

சொல் அப்படிச் சாவதில்லை. முக்கூடற்பள்ளு நெல்வகைகளின் பெயர்களை அடுக்குகிறது. ஏடு அச்சாகிவிட்டது, பெயர்கள் பத்திரமாக இருக்கின்றன. அவற்றில் பலவற்றை இன்று வாயால் சொல்லலாம், வயலில் காட்ட முடியாது. அகராதியில் நூறு வருடம் தூங்கிய சொல்லை எடுத்துப் பேசினால் எழுந்துவிடும், நெல் எழாது.

இப்போது 'விதை வங்கி' என்கிறோம். எனக்கு அந்தச் சொல்லோடு ஒட்டவில்லை. வங்கியில் போட்டது அங்கேயே கிடந்து வளரும் என்ற நினைப்பு அதில் இருக்கிறது. நார்வேயின் ஸ்வால்பார்டில் 2008-இல் திறந்த பெட்டகத்தில் மைனஸ் 18 டிகிரியில் விதைகள் உறங்குகின்றன. மிக நல்ல ஏற்பாடுதான். ஆனால் சிரியப் போரில் அலெப்போவின் விதைக் காப்பகம் எட்டாமல் போனபோது என்ன நடந்தது? 2015-இல் ஸ்வால்பார்டிலிருந்து விதைகளைத் திரும்ப எடுத்து, லெபனானிலும் மொராக்கோவிலும் விதைத்துப் பெருக்கி, 2017-இல் மறுபடி கொண்டுபோய் வைத்தார்கள். பனிமலைக்குள் வைத்ததையும் கடைசியில் மண்ணில்தான் புதுப்பிக்க வேண்டியிருந்தது.

நம் பக்கத்தில் இதைப் புரிந்துகொண்டவர் நெல் ஜெயராமன். திருத்துறைப்பூண்டி நெல் திருவிழாவில் அவர் வைத்த நிபந்தனை எளிது: இரண்டு கிலோ பாரம்பரிய விதை கொண்டுபோகிறவர் விளைவித்து அடுத்த ஆண்டு நான்கு கிலோவாகத் திருப்பித் தர வேண்டும். 2018-இல் அவர் மறைந்தார். அவர் மீட்ட 170-க்கும் மேற்பட்ட ரகங்கள் பல கைகளில் சுற்றிக்கொண்டிருக்கின்றன. சுற்றுவதுதான் கோட்டை என்றேன் அல்லவா.

நெல்லை, குமரிப் பக்கத்து வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள். பிசான அறுவடை முடிந்ததும், உயரமாக வளரும் பழைய ரகம் போட்டவர் வயலில் கையால் அறுத்த வைக்கோல் ஒரு கட்டு வாங்குங்கள். உங்கள் ஊரில் புரி திரிக்கத் தெரிந்த பெரியவர் ஒருவராவது இன்னும் இருப்பார். அவரைத் திண்ணையில் உட்காரவைத்து, ஒரு கோட்டையைக் கட்டச் சொல்லி, நீங்கள் மிதித்துக்கொடுங்கள்.