சரோஜினியாக நடித்த ரோசி

மலையாள சினிமாவைப் பற்றிப் பேச்செடுத்தால் நம்மவர்கள் பெரும்பாலும் 1965இல் வெளிவந்த 'செம்மீன்' படத்திலிருந்தே தொடங்குவார்கள். மண்வாசனை, யதார்த்தம் என்று புகழ்வார்கள். அப்புகழ்ச்சியிற் தவறில்லை. ஆயினும் அந்தச் சினிமாவுக்கும் கேரள சமூகத்துக்கும் உள்ள உறவை அறிய விரும்புபவர் முதற் படத்திலிருந்து தொடங்குவதே முறை என்பேன்.

அகஸ்தீசுவரத்தில் பிறந்த ஜே.சி. டானியல் தமது நிலத்தை விற்று எடுத்த மௌனப்படம் 'விகதகுமாரன்'. திருவனந்தபுரம் கெப்பிட்டல் திரையரங்கில் அது காண்பிக்கப்பட்ட ஆண்டை 1928 என்போரும் உளர். 1930 என்போரும் உளர். கதை இலங்கையருக்கு அந்நியமானதன்று. திருவிதாங்கூர்ச் செல்வந்தரின் மகன் ஒருவன் இலங்கைக்குக் கடத்தப்பட்டு, தோட்டமொன்றில் கூலியாக வளர்ந்து, பின்னர் அதன் மேற்பார்வையாளனாக உயர்கிறான். அக்காலத் திருவிதாங்கூர் மக்களின் மனத்தில் எமது தோட்டங்கள் எவ்வளவு அருகில் இருந்தன என்பதற்கு இதுவும் ஒரு சான்று.

கதாநாயகி சரோஜினி நாயர் குலப் பெண். அவ்வேடத்தை ஏற்றவர் பி.கே. ரோசி, புலையர் சமூகத்தவர். ஒடுக்கப்பட்டோருக்குத் திருவிதாங்கூர் அரசின் கோயில்கள் திறக்கப்பட்டதே 1936இல்தான். அதற்கு முன்னர் புலையப் பெண் ஒருத்தி நாயர் பெண்ணாகத் திரையிற் தோன்றியதைச் சகிக்காதவர்கள் கல்லெறிந்தார்கள், திரை கிழிந்தது. கதையில் அவர்கள் குறை கண்டதாகத் தெரியவில்லை. நடித்தவர் யார் என்பதே அவர்களுக்குக் குற்றமாயிற்று. ரோசி ஊரைவிட்டு ஓடினார். தமிழ்நாட்டுப் பக்கம் சென்று வேறு பெயரில் வாழ்ந்தார் என்பர். படச்சுருளும் எஞ்சவில்லை.

1954இல் 'நீலக்குயில்' வந்தது. தாழ்த்தப்பட்ட பெண்ணான நீலியைக் காதலித்துக் கைவிடும் உயர்சாதி ஆசிரியரின் கதை. ராமு காரியாட்டும் பி. பாஸ்கரனும் நெறிப்படுத்திய அப்படத்தின் துணிவை நான் மதிக்கிறேன். ஆனால் நீலியாக நடித்த மிஸ் குமாரி கிறிஸ்தவக் குடும்பமொன்றைச் சேர்ந்தவர். சாதிக்கொடுமையைத் திரையிற் கண்டு இரங்கக் கேரளம் கற்றுக்கொண்டிருந்தது. ரோசியின் இடமோ வெறுமையாகவே கிடந்தது.

டானியல் 1975இல் வறுமையில் மறைந்தார். 1956இன் மாநில எல்லைப் பிரிப்பில் அகஸ்தீசுவரம் தமிழகத்தோடு சேர்ந்தமையால் அவர் கேரளத்துக்கு அந்நியராகிவிட்டிருந்தார். அவரை மீட்டெடுத்து எழுதியவர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் என்ற பத்திரிகையாளர் என்பதில் எனக்குத் தனி மகிழ்ச்சி. 1992 முதல் கேரள அரசின் உயரிய திரைப்பட விருது டானியலின் பெயரைத் தாங்கி நிற்கிறது. ரோசியின் பெயரால் ஒரு திரைப்படக் கழகத்தை 2019இல் தொடங்கியவர்கள் மலையாள சினிமாவிற் பணிபுரியும் பெண்கள்.