‘இல்லை’ என்பது பட்டியலின் பதில்

ஒவ்வோர் ஆண்டும் முதுகலை முதலாண்டு மாணவிகளுக்கு ஒரு பயிற்சி கொடுப்பேன். இருபதாம் நூற்றாண்டுத் தமிழ்ப் பெண் எழுத்தாளர்கள் இருபது பேரின் நூல்களை நூலகப் பட்டியலிலிருந்து குறித்து வர வேண்டும். யாராவது ஒருத்தியின் தாளில் சுஜாதா இருப்பார். ரங்கராஜன் தன் மனைவியின் பெயரையே புனைபெயராக வைத்துக்கொண்டார் என்று சொல்வேன். வகுப்பு சிரிக்கும். புஷ்பா தங்கதுரையும் ஆண்தான் என்றதும் இன்னும் சிரிப்பார்கள். பிறகு கேட்பேன்: “சரி, கோதைநாயகி அம்மாள் எங்கே?”

“பட்டியல்ல இல்ல மேடம்.”

இந்த ‘இல்ல’ எனக்குப் பழையது. முனைவர் பட்ட ஆய்வுக்காக ஒரு நூலகத்தில் ‘கோ’ என்று எழுதிய இழுப்பறையைத் திறந்து அட்டைகளைப் புரட்டினேன். அவர் இல்லை. குறிப்பேட்டில் ‘கிடைக்கவில்லை’ என்று எழுதிக்கொண்டு ஊருக்குப் பேருந்து ஏறினேன். அந்தச் சொல் அப்படியே ஆய்வேட்டின் முதல் வரைவுக்குள் போனது. மாதங்கள் கழித்து வேறு எதையோ தேடி ‘வை’ இழுப்பறையைத் திறந்தபோது அங்கே வரிசையாக இருந்தார்: வை.மு. கோதைநாயகி அம்மாள். வை.மு. என்றால் வைத்தமாநிதி முடும்பை. அவர் மணமாகிப் போன குடும்பத்தின் பெயர். 115 நாவல்கள் எழுதியவர், 1925 முதல் ‘ஜகன்மோகினி’ இதழை நடத்தியவர், கணவர் வீட்டுத் தலைப்பெழுத்துகளுக்குப் பின்னால் இருந்தார். நூலகம் அவரைத் தொலைக்கவில்லை. எனக்குத் தேடத் தெரியவில்லை. பள்ளியிலும் கல்லூரியிலும் எனக்கு அதை யாரும் சொல்லித் தரவும் இல்லை.

தேடக் கற்றுக்கொடுப்பதைப் பற்றி முதலில் யோசித்த நகரங்களில் நம் சென்னையும் ஒன்று. மாநிலக் கல்லூரியில் கணிதம் கற்பித்த எஸ்.ஆர். ரங்கநாதன் 1924-இல் மெட்ராஸ் பல்கலைக்கழக நூலகரானார். 1928-இல் சென்னை நூலகச் சங்கம் தொடங்கியது. அடுத்த ஆண்டே நூலகர்களுக்கான பயிற்சிப் பள்ளி வந்தது. 1931-இல் அவருடைய ஐந்து விதிகள் நூலாயின. ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்குரிய நூல் சேர வேண்டும் என்பது இரண்டாம் விதி. அதை விளக்கும் இடத்தில் ஆண்களையும் பெண்களையும் பற்றித் தனியாகவே பேசுகிறார். பெண்ணுக்கும் நூல் உரியது என்று வாதாடுகிறார். ஆனால் ஆங்கிலத்தில் அந்த விதியின் வாசகர் ஆண்பாலில்தான் இருக்கிறார். மாணவிகளுக்கு இரண்டையும் சொல்வேன். வாதமும் அவருடையது, பிரதிப்பெயரும் அவருடையது.

1934-இல் அவர் வெளியிட்ட பட்டியல் விதிகள் தென்னிந்தியப் பெயர்ச் சிக்கலையும் எடுத்துக்கொண்டன. ஆளின் சொந்தப் பெயர் முதலில், தலைப்பெழுத்து பின்னால். அதன்படி கோதைநாயகி ‘கோ’வில் இருந்திருக்க வேண்டும். விதி ஒன்று, இழுப்பறையின் வழக்கம் வேறு. அட்டைகளை எழுதிய கைகள் நூலின் முகப்பில் எது முதலில் கண்ணில் பட்டதோ அதையே எழுதின.

பெண்ணின் பெயர் இப்படிச் சிதறுவதற்கு இன்னொரு சான்று சென்னையிலேயே உண்டு. ‘சகுணா’, ‘கமலா’ ஆகிய ஆங்கில நாவல்களை எழுதிய கிருபாபாய் 1894-இல் இறந்தார். அவருடைய கணவர் சாமுவேல் சத்தியநாதன் பிறகு கமலாவை மணந்தார். இந்தக் கமலா 1901 முதல் ‘இந்தியன் லேடீஸ் மேகசின்’ இதழின் ஆசிரியர். கணவர் பெயரால் இருவரும் திருமதி சத்தியநாதன்தான். ஒருவர் நாவலின் பெயர் மற்றவரின் பெயர் என்பது குழப்பத்துக்கு மேல் குழப்பம். ஒரே பெயருள்ள இருவரைப் பிரித்துக்காட்ட நூலகர்கள் பிறந்த, இறந்த ஆண்டுகளைச் சேர்ப்பார்கள். அந்த ஆண்டுகள் இல்லாவிட்டால் இரண்டு பெண்கள் ஒருத்தியாகிவிடுவார்கள்.

ஆகவே வகுப்பில் இப்படித் தொடங்குகிறோம். ஒரு பெண்ணைத் தேடப் போகும் முன், அவர் எந்தெந்தப் பெயரில் இருக்கக்கூடும் என்று ஒரு பக்கம் எழுது. ஊர்ப்பெயர், தந்தையின் எழுத்து, கணவரின் எழுத்து, ஸ்ரீமதி, அம்மாள், அம்மையார், புனைபெயர். 1936-இல் ‘தாசிகள் மோசவலை’ எழுதிய மூவலூர் ராமாமிர்தம் அம்மையாரை ‘மூ’, ‘ரா’, ‘இ’ மூன்றிலும் பார். ‘லக்ஷ்மி’ என்பவர் மருத்துவர் திரிபுரசுந்தரி; ‘அநுத்தமா’ என்பவர் ராஜேஸ்வரி. கணினியில் தேடினாலும் இதே வேலைதான். ‘இ’ சேர்த்து ஒரு முறை, சேர்க்காமல் ஒரு முறை.

பட்டியலில் இல்லையென்றால் பட்டியலுக்கு வெளியே போ. 1867-ஆம் ஆண்டுச் சட்டப்படி, அச்சான ஒவ்வொரு நூலும் அரசிடம் பதிவாக வேண்டியிருந்தது. அந்தப் பதிவுகள் காலாண்டுப் பட்டியல்களாக அரசிதழோடு வந்தன. ஆசிரியர், அச்சகம், பக்கம், விலை, எத்தனை படிகள் என்பது வரை அவற்றில் உண்டு. பெரிய நூலகம் வாங்காத காலணாச் சிறுநூலுக்கும் அங்கே ஒரு வரி இருக்கலாம். கோட்டையூர் ரோஜா முத்தையா சேர்த்துவைத்த தொகுப்பு 1994 முதல் சென்னையில் ஆய்வு நூலகமாக இருக்கிறது. நாடக நோட்டீசும் அழைப்பிதழும்கூட ஆவணம் என்பதை அங்கே போனால்தான் மாணவிகள் நம்புகிறார்கள்.

போவதுதான் கடினம். விடுதிக் கதவு ஆறு மணிக்கு மூடும். சென்னைக்குத் தனியாக அனுப்ப வீட்டில் சம்மதம் வேண்டும். பையன்கள் போய்த் தங்கித் தேடிவிட்டு வருகிறார்கள். பெண்களின் ஆய்வேட்டில் ‘கிடைக்கவில்லை’ கூடுகிறது. அதனால் அந்தச் சொல்லை என் வகுப்பில் தடைசெய்துவிட்டேன். ‘இன்ன நூலகத்தில், இன்ன தேதியில், இன்ன பெயர்களில் தேடினேன்’ என்று எழுத வேண்டும். அடுத்து வருகிறவள் அங்கிருந்து தொடங்கலாம்.

சென்ற ஆண்டு, கோதைநாயகி தன் முதல் படைப்பான ‘இந்திர மோகனா’ நாடகத்தை வாயால் சொல்ல, தோழி பட்டம்மாள் எழுதினார் என்று அவரது வாழ்க்கைக் குறிப்புகள் கூறுவதைச் சொல்லிக்கொண்டிருந்தேன். பின்வரிசையில் ஒருத்தி எழுந்தாள்.

“மேடம், பட்டம்மாள எந்த எழுத்துல தேடுறது?”

என்னிடம் பதில் இல்லை. குறிப்பேட்டில் புதுப் பக்கம் எடுத்து, மேலே பட்டம்மாள் என்று எழுதி, கீழே தேதி போடச் சொன்னேன். போட்டாள்.