கணத்தில் மறையும் காட்சி: கணிப்பொறித் திரையைப் பதிவு செய்த வரலாறு

பெரம்பலூர் மாவட்டத்துச் சாத்தனூரில் உள்ள கல்மரத்தை உங்களில் பலர் பார்த்திருப்பீர்கள். குன்னம் வட்டாரத்துப் பள்ளி மாணவர்களுக்கு அது சுற்றுலா போய்வந்த இடம். சுமார் 12 கோடி ஆண்டுகளுக்கு முன் இப்பகுதியில் கடல் இருந்தது. அக்கடலில் விழுந்த மரம் ஒன்று மணலிலும் சேற்றிலும் புதைந்து கல்லாக மாறியது. 18 மீட்டர் நீளமுள்ள அதனை 1940-ஆம் ஆண்டில் இந்திய நிலவியல் ஆய்வுத் துறையைச் சேர்ந்த டாக்டர் எம். எஸ். கிருஷ்ணன் கண்டறிந்தார். மரம் மடிந்துவிட்டது, அதன் உருவம் நின்றுவிட்டது. அதே கரையில் நின்ற எத்தனையோ மரங்கள் சுவடின்றிப் போய்விட்டன. எது நிற்கும், எது அழியும் என்பதை அங்கே தற்செயல்தான் முடிவு செய்தது.

இப்போது கணிப்பொறித் திரைக்கு வருவோம். அதில் ஓடும் விளையாட்டுக் காட்சி ஒன்றின் ஆயுள் எவ்வளவு தெரியுமா? பெரும்பாலான திரைகளில் வினாடியில் அறுபதில் ஒரு பங்கு! அதற்குள் அடுத்த படம் வந்து முந்தைய படத்தை அழித்துவிடும். இப்படிக் கணந்தோறும் அழியும் காட்சியைப் பிடித்துவைக்க மனிதன் என்னென்ன செய்தான்? அந்த வரலாற்றைத்தான் இங்கே காணப்போகிறோம்.

திரைக்கு எதிரே காமிரா

முதலில் தோன்றிய வழி மிக எளியது. திரைக்கு எதிரே ஒரு காமிராவை வைத்துப் படம் பிடிப்பதே அது. அமெரிக்காவில் 1947-இல் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளைப் பாதுகாக்க இம்முறை கையாளப்பட்டது. ஆனால் அதில் ஒரு சிக்கல் இருந்தது. தொலைக்காட்சி வினாடிக்கு 30 படங்களைக் காட்டியது. சினிமா காமிராவோ வினாடிக்கு 24 படங்களைத்தான் எடுத்தது. இரண்டும் ஒத்துப்போகாவிட்டால் படத்தில் கரிய பட்டை ஒன்று ஓடும். பழைய குழாய்த் தொலைக்காட்சியைக் கைப்பேசியால் படம் பிடித்தவர்கள் இதைக் கண்டிருக்கக்கூடும். இதைத் தவிர்க்கத் தனி வகை மூடியுள்ள காமிராக்களைச் செய்ய வேண்டியதாயிற்று. காந்த நாடாவில் நேரடியாகப் பதியும் கருவியை ஆம்பெக்ஸ் நிறுவனம் 1956-இல்தான் அறிமுகப்படுத்தியது.

திரையைப் படம் பிடித்த நிகழ்ச்சிகளில் மிகப் பெரியது 1969 ஜூலையில் நடந்தது. நிலவிலிருந்து வந்த அப்போலோ 11 காட்சி வினாடிக்குப் பத்துப் படங்கள், படத்திற்கு 320 வரிகள் என்ற கணக்கில் வந்தது. அதை வீட்டுத் தொலைக்காட்சியில் காட்ட இயலாது. ஆகவே தரை நிலையத்தில் அதை ஒரு சிறு திரையில் ஓடவிட்டு, எதிரே ஒரு தொலைக்காட்சிக் காமிராவை வைத்துப் பிடித்து, அதையே உலகிற்கு ஒளிபரப்பினார்கள். நிலவிலிருந்து வந்த மூலக் காட்சி பதிவான நாடாக்கள் என்னவாயின? பல ஆண்டுகள் தேடிய பின், அவை அழிக்கப்பட்டு வேறு பதிவுகளுக்குப் பயன்படுத்தப்பட்டிருக்க வேண்டும் என்று 2009-இல் நாசா அறிவித்தது. திரையைப் படம் பிடித்த நகல்தான் நமக்கு எஞ்சியது. மூலத்தைக் காட்டிலும் நகல் நீண்ட காலம் வாழ்வதுண்டு என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

படம் நினைவகத்திற்குள் புகுந்தது

கணிப்பொறியிலேயே படத்தைத் தேக்கிவைத்த தொடக்கக் கருவிகளுள் ஒன்று 1973-இல் வந்தது. அமெரிக்காவில் ஜெராக்ஸ் நிறுவனத்தின் ஆய்வகத்தில் ரிச்சர்டு ஷூப் என்பவர் 'சூப்பர்பெயின்ட்' என்ற கருவியை அமைத்தார். திரையில் தெரியும் ஒவ்வொரு புள்ளிக்கும் நினைவகத்தில் ஓர் இடம். கிடையாக 640, நெடுக்காக 486, ஆக மொத்தம் 3,11,040 புள்ளிகள். புள்ளிக்கு ஒரு பைட். இதைப் 'படத் தேக்கம்' என்று சொல்லலாம். திரையில் உள்ளது நினைவகத்திலும் இருக்கிறது என்றால், எதிரே காமிரா எதற்கு? நினைவகத்தை நகலெடுத்தால் போதுமே! இன்றைய திரைப் பதிவு அனைத்திற்கும் இதுவே அடிப்படை.

ஆனால் அன்றைய நினைவகத்தின் விலை யானை விலை. இயங்கும் காட்சியை அப்படியே தேக்குவது வீட்டுக் கணிப்பொறியால் ஆகாத காரியம். ஆகவே விளையாட்டு எழுதியவர்கள் வேறொரு தந்திரம் செய்தார்கள்.

சதுரங்கக் குறிப்பு போல

சதுரங்க ஆட்டத்தை எப்படிப் பதிவு செய்கிறோம்? விசுவநாதன் ஆனந்த் ஆடிய ஆட்டத்தை அறிய வீடியோ தேவையில்லை. எந்தக் காய் எந்தக் கட்டத்திற்குப் போயிற்று என்ற குறிப்பு இருந்தால் போதும். பலகையில் காய்களை வைத்து நாமே முழு ஆட்டத்தையும் மீண்டும் காணலாம். 1993 டிசம்பரில் வெளிவந்த 'டூம்' என்ற விளையாட்டு இதே முறையைக் கையாண்டது. ஆடுபவர் அழுத்திய விசைகள் மட்டும் பதிவாயின. கோப்பு மிகச் சிறியது. அதை மற்றொருவரின் கணிப்பொறியில் கொடுத்தால் ஆட்டம் மீண்டும் ஓடும். 1996-இல் வந்த 'குவேக்' விளையாட்டின் பதிவுகளைக் கொண்டு இளைஞர்கள் சிறு கதைப்படங்களையே உருவாக்கினார்கள்.

இதில் ஒரு குறை உண்டு. குறிப்பைப் படிக்கப் பலகையும் காய்களும் வேண்டும். அதே விளையாட்டு, பெரும்பாலும் அதே பதிப்பு, கையில் இல்லாவிட்டால் பதிவு வெறும் எண்களின் குவியல்தான். விளையாட்டு வழக்கொழிந்தால் பதிவும் உடன்கட்டை ஏறிவிடும்.

ஒரு கணக்குப் போடுவோம்

அப்படியானால் காட்சியையே பதிந்தால் என்ன? கணக்குப் போட்டுப் பார்ப்போம். இன்று பரவலாக உள்ள திரையில் 1920 × 1080, அதாவது 20,73,600 புள்ளிகள். புள்ளிக்கு 3 பைட் வீதம் ஒரு படத்திற்கு 62,20,800 பைட். வினாடிக்கு 60 படங்கள் என்றால் ஏறத்தாழ 37 கோடி பைட். ஒரு நிமிடத்திற்கு 2,200 கோடி பைட்டுக்கு மேல்!

1999-இல் வெளிவந்த 'ஃபிராப்ஸ்' என்ற மென்பொருள் விளையாட்டுக்கும் திரைக்கும் நடுவே புகுந்து, முடிந்த படங்களை எடுத்து வட்டில் எழுதியது. அக்காலத்துத் திரைகள் சிறியவை என்றாலும் வட்டு விரைவில் நிரம்பியது. விளையாட்டை நடத்த வேண்டிய மையச் செயலியே பதிவு வேலையையும் சுமந்ததால் ஆட்டம் தடுமாறியது. ஏர் உழும் மாட்டையே வண்டியிலும் பூட்டியது போலாயிற்று.

இதற்குத் தீர்வு சுருக்கும் கலையில் இருந்தது. அடுத்தடுத்த இரு படங்களில் பெரும்பகுதி ஒன்றாகவே இருக்கும்; மாறிய பகுதியை மட்டும் எழுதினால் போதும். 2003-இல் வகுக்கப்பட்ட எச்.264 என்ற நெறிமுறை இதைத் திறம்படச் செய்தது. வினாடிக்கு 5 கோடி பிட் என்ற அளவில் பதிந்தால், மேலே சொன்ன சுமை ஏறத்தாழ அறுபதில் ஒரு பங்காகக் குறையும். நிமிடத்திற்கு 37.5 கோடி பைட்தான். ஆனால் சுருக்குவதற்கும் உழைப்பு வேண்டுமே! அந்த உழைப்புக்கென்றே தனிச் சுற்று ஒன்றைச் சில்லுக்குள் வைத்தார்கள். இன்டெல் நிறுவனம் 2011-இல் தன் செயலிகளில் அதைச் சேர்த்தது, என்விடியாவும் ஏ.எம்.டி.யும் 2012-இல் தம் கிராபிக்ஸ் அட்டைகளில் சேர்த்தன. படம் வரையும் அட்டையே படத்தைச் சுருக்கியும் கொடுத்தது. மையச் செயலியின் சுமை இறங்கிற்று.

2013 அக்டோபரில் என்விடியா வெளியிட்ட 'ஷேடோபிளே' இதை ஒரு படி மேலே கொண்டுபோயிற்று. அது எப்போதும் கடைசிச் சில நிமிடங்களைப் பதிந்துகொண்டும் பழையதை அழித்துக்கொண்டும் இருக்கும். அரிய ஆட்டம் நடந்து முடிந்த பிறகு ஒரு விசையை அழுத்தினால், நடந்தது சேமிக்கப்படும். 'அடடா, பதியாமல் விட்டோமே' என்ற வருத்தத்திற்கு இடமில்லை. ஏ.எம்.டி.யின் 'ரீலைவ்' 2016-இல் வந்தது.

சாளரம் தந்த தொல்லை

இங்கேதான் வேடிக்கையான ஒரு தடை எழுந்தது. முதலில் வந்த ஷேடோபிளே, திரை முழுவதையும் நிறைத்து ஓடும் விளையாட்டை மட்டுமே பதிந்தது. அதே விளையாட்டைச் சிறு சாளரத்தில் ஓடவிட்டால் பதிய மறுத்தது. ஏன்?

முழுத்திரையில் ஓடும்போது விளையாட்டுதான் திரைக்கு ஏகபோக உரிமையாளர். அதன் படம் நேரே திரைக்குப் போகிறது. பதிவு மென்பொருள் வழியில் நின்று பிடித்துக்கொள்ளும். சாளரத்தில் ஓடும்போது கதை வேறு. 2007-இல் பொதுமக்களிடம் வந்த விண்டோஸ் விஸ்டாவிலிருந்து ஒவ்வொரு நிரலும் தன் படத்தைத் தனி நினைவிடத்தில் வரைகிறது. அவற்றையெல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கித் திரைக்கு அனுப்புவது இயக்க அமைப்பின் வேலை. இலையில் கூட்டு, பொரியல், அப்பளம் எல்லாம் பரிமாறிய பின் ஒன்றை மட்டும் படம் பிடி என்றால் எப்படி? முழு இலையையும் பிடிப்பதே எளிது.

அப்படித்தான் செய்தார்கள். 2014-இல் ஷேடோபிளேயில் முழு மேசைத்திரையையும் பதியும் வசதி வந்தது. சாளர விளையாட்டும் அதில் அகப்பட்டது. கூடவே நண்பர் அனுப்பிய செய்தி, திறந்து கிடந்த கடிதம், மூலையில் தோன்றிய வங்கி அறிவிப்பு ஆகியவையும் அகப்பட்டன! இதனால்தான் பிற்காலத்தில் என்விடியா மென்பொருளில் இவ்வசதி 'தனியுரிமைக் கட்டுப்பாடு' என்ற தலைப்பின் கீழ் வைக்கப்பட்டது. பயனர் தாமே அனுமதித்தால்தான் அது இயங்கிற்று. 2018-இல் விண்டோஸ் 10 ஒரு சாளரத்தை மட்டும் பதியும் முறையைத் தந்தது. பதிவாகும் சாளரத்தைச் சுற்றி மஞ்சள் கோடு ஒன்று தோன்றி எச்சரிக்கும். ஒரு சிறு கோடுதான். ஆனால் தான் பதிவு செய்யப்படுவதை அறியும் உரிமை மனிதனுக்கு உண்டு என்பதை அது ஒப்புக்கொள்கிறது.

நம் ஊரில்

இவையெல்லாம் விலையுயர்ந்த அட்டை வைத்திருப்போரின் பொழுதுபோக்கு என்று எண்ண வேண்டாம். தமிழக அரசு 2011 செப்டம்பரில் பள்ளி மாணவர்களுக்கு மடிக்கணினி வழங்கத் தொடங்கியபோது, குன்னம் போன்ற ஊர்களிலும் எத்தனையோ வீடுகளில் முதல் கணிப்பொறி நுழைந்தது. விளையாட்டுக்கான தனி கிராபிக்ஸ் அட்டை அதில் இல்லை. ஆயினும் திரையைப் பதிந்து செய்த பாடங்கள் அதில் ஓடின. மும்பை ஐ.ஐ.டி.யில் பேராசிரியர் கண்ணன் மௌத்கல்யா தலைமையில் வளர்ந்த 'ஸ்போக்கன் டுட்டோரியல்' திட்டம் இதற்கு நல்ல சான்று. திரையில் செய்வதைப் பதிந்து, குரல் விளக்கம் சேர்த்து, சுமார் பத்து நிமிடப் பாடங்களாகத் தந்தார்கள். விளக்கம் தமிழிலும் கிடைக்கிறது. படிப்பவர் ஒரு சாளரத்தில் பாடத்தையும் அருகிலுள்ள சாளரத்தில் தம் பயிற்சியையும் வைத்துக்கொள்ள வேண்டும் என்பது அவர்கள் சொல்லும் முறை. விளையாட்டைப் பதிவோருக்குத் தொல்லை தந்த அதே சாளரம் இங்கே ஆசிரியருக்குத் துணை நிற்கிறது!

விளையாட்டிலும் நினைக்க வேண்டிய செய்தி ஒன்றுண்டு. 2020 செப்டம்பர் 2-ஆம் நாள் 'பப்ஜி மொபைல்' இந்தியாவில் தடை செய்யப்பட்டது. அக்டோபர் இறுதியில் அதன் சேவையும் நின்றது. தடை சரியா தவறா என்பது வேறு விவாதம். ஒன்று மட்டும் உறுதி: அதில் நண்பர்கள் கூடி ஆடிய ஆட்டங்களில் பதிவானவையே எஞ்சின. மற்றவை நினைவில் மட்டுமே உள்ளன. சேவை நிறுத்தப்படும் ஒவ்வோர் இணைய விளையாட்டுக்கும் இதுதான் கதி.

எதிர்கால வரலாற்று ஆசிரியர், நம் காலத்துப் பிள்ளைகள் எதை ஆடினார்கள், எப்படிப் பேசிச் சிரித்தார்கள் என்று தேடினால், இப்பதிவுகள்தான் அவருக்குக் கல்மரம். சாத்தனூர் மரத்தை மணல் தற்செயலாக மூடிற்று. நமக்கோ தேர்ந்தெடுக்கும் வசதி இருக்கிறது. எதைப் பதிவது என்பதையும், எதைப் பதியாமல் விடுவது என்பதையும் சிந்தித்துச் செய்வோம். பதிவு விசையை அழுத்துமுன் திரையில் வேறென்ன திறந்திருக்கிறது என்று ஒருமுறை பார்த்துக்கொள்ளவும் மறவாதீர்கள்!