வீட்டுத் தெய்வத்தின் தூக்கம்

மாயக் கதைகளில் ஒரு தாலாட்டு வருவதுண்டு. ஒருத்தி பாடுவாள், காற்று அடங்கும், அரக்கன் கண்ணயர்வான், காலமே நடை தளரும். கற்பனைதானே என்று நாம் கடந்துவிடுகிறோம். ஆனால் தாலாட்டை உண்மையிலேயே மந்திரமாகக் கருதிய ஒரு சமூகம் இருந்தது. இன்றைய ஈராக்கில், டைகிரிஸ், யூப்ரடீஸ் ஆறுகளுக்கு இடையில், ஏறக்குறைய 4000 ஆண்டுகளுக்கு முன்பு. அந்த மந்திரம் யாருடைய நிம்மதிக்காக ஓதப்பட்டது என்பதுதான் என் கேள்வி.

லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் உள்ளங்கைக்குள் அடங்கும் ஒரு களிமண் பலகை இருக்கிறது. அக்காடிய மொழியில், ஆப்பெழுத்தில் எழுதப்பட்ட தாலாட்டு அது. இருட்டு வீட்டிலிருந்து வெளியே வந்து சூரியனைக் கண்டுவிட்ட குழந்தையிடம், ஏன் அழுகிறாய், உள்ளே இருந்தபோது அழவில்லையே என்று அது கேட்கிறது. அடுத்து வருவதுதான் என்னை நிறுத்தியது. உன் அழுகையால் வீட்டுத் தெய்வம் கலங்கிவிட்டது, வீட்டைக் காக்கும் எருது உருவமும் விழித்துவிட்டது என்று குழந்தை மீது குற்றம் சாட்டுகிறது பாட்டு.

நம் ஊர்த் தாலாட்டுகளும் அழும் குழந்தையிடம் கேள்வி கேட்கும். ஆனால் அவை உன்னை அடித்தவர் யார் என்று கேட்டு, குழந்தையின் பக்கம் நின்று வழக்காடும். பாபிலோனியப் பாட்டோ தூக்கம் கெட்டவரின் பக்கம் நிற்கிறது.

அந்த அச்சம் எங்கிருந்து வந்தது என்பதை அதே நாகரிகத்தின் ‘அத்ரஹாசிஸ்’ என்ற காவியம் காட்டுகிறது. கி.மு. 17ஆம் நூற்றாண்டில் படியெடுக்கப்பட்ட பலகைகள் நமக்குக் கிடைத்துள்ளன. தேவர்கள் தங்கள் உழைப்புச் சுமையை ஏற்றிவைக்க மனிதர்களைப் படைக்கிறார்கள். மனிதர்கள் பெருகுகிறார்கள், அவர்கள் போடும் இரைச்சலில் தலைமைத் தேவன் என்லிலுக்குத் தூக்கம் போய்விடுகிறது. கொள்ளைநோய், வறட்சி, கடைசியில் பெருவெள்ளம் என்று அவன் அனுப்புகிறான். வெள்ளம் வடிந்தபின் ஓர் ஏற்பாடு செய்யப்படுகிறது. இனிச் சில பெண்கள் பிள்ளை பெறமாட்டார்கள். சில வகைப் பெண் பூசாரிகளுக்குப் பிள்ளைப்பேறு விலக்கப்படும். தாயின் மடியிலிருந்து குழந்தையைப் பறித்துச் செல்ல பாஷித்து என்ற பேய் இருக்கும்.

அதாவது, ஒரு தேவனின் தூக்கத்துக்கான விலை பெண்ணின் கருப்பையிலும் மடியிலும் வசூலிக்கப்படுகிறது. இந்தக் கதையைக் கேட்டு வளர்ந்த ஒரு தாய்க்கு, வீட்டுத் தெய்வம் விழித்துக்கொள்வது வேடிக்கையான மிரட்டலாக மட்டும் இருந்திருக்குமா?

பாஷித்து என்பது லமாஷ்து என்ற பெண்பேயைக் குறிக்கவும் வழங்கிய பெயர். லமாஷ்து வானத் தேவன் அனுவின் மகள், விண்ணுலகிலிருந்து துரத்தப்பட்டவள். குழந்தைகளுக்குப் பால் கொடுக்க வருபவள்போல வந்து உயிரைப் பறிப்பாள் என்று நம்பினார்கள். தாயத்துப் பலகைகளில் அவள் முலைகளில் நாயும் பன்றியும் பால் குடிக்கின்றன. குழந்தைகள் ஏராளமாக இறந்த ஒரு காலத்தின் துயரம், வீட்டை விட்டுத் துரத்தப்பட்ட ஒரு மகளின் தலையில் சுமத்தப்பட்டது. அவளை விரட்டும் சடங்குகள் ஆண் மந்திரவாதிகளின் தொழிலாக இருந்தன. தாலாட்டும் அவர்களுடைய ஏடுகளுக்குள் போய்ச் சேர்ந்தது. வால்டர் ஃபார்பர் என்ற ஜெர்மானிய அறிஞர் 1989இல் தொகுத்து வெளியிட்ட இவ்வகைப் பாடல்களில், ‘குழந்தையை அமைதிப்படுத்தும் மந்திரம்’ என்ற குறிப்பைத் தாங்கியவையும் உண்டு. பாட்டு பெண்களின் வாயில் பிறந்திருக்கலாம். அதற்கு மந்திரம் என்ற மதிப்பு வந்தபோது, பாடியவர்களின் பெயர் எதுவும் அதில் இல்லை.

குழந்தை தூங்கியபின் அந்தத் தாய் என்ன செய்தாள்? இதற்குத் தாலாட்டில் பதில் இல்லை, கணக்கேடுகளில் இருக்கிறது. அந்தப் பலகைக்குச் சற்று முந்தைய உர் நகர அரசின் காலத்தில், கி.மு. 2100 முதல் 2000 வரை, ஆயிரக்கணக்கான பெண்கள் அரசு நெசவுக்கூடங்களில் வேலை செய்தார்கள். ஆண் தொழிலாளிக்கு மாதக் கூலி பொதுவாக 60 சிலா பார்லி; பெண்ணுக்குப் பெரும்பாலும் 30. ஒரு சிலா ஏறக்குறைய ஒரு லிட்டர். தாயின் பெயரை அடுத்துப் பிள்ளைகளின் பெயரும், அவர்களுக்கு அளந்த பார்லியும் வருகின்றன. பிள்ளையோடுதான் அவள் வேலைக்கு வந்தாள் என்பதற்கு எழுத்தர்களே சாட்சி.

தாலாட்டுக்கு உடலை அமைதிப்படுத்தும் ஆற்றல் உண்டு என்பதை இன்றைய அறிவியலும் ஒப்புக்கொள்கிறது. ஹார்வர்டு ஆய்வாளர்கள் 144 குழந்தைகளுக்கு அவர்கள் கேட்டறியாத மொழிகளின் தாலாட்டுகளையும் வேறு பாடல்களையும் கேட்கச்செய்து, 2020இல் முடிவை வெளியிட்டார்கள். தாலாட்டைக் கேட்டபோது குழந்தைகளின் இதயத் துடிப்பு கூடுதலாகத் தணிந்தது. ஆக, குழந்தைக்குக் காலம் மெதுவாகிறது. பாடுகிறவளுக்கு அப்படியில்லை. தறியும் திரிகையும் அடுப்பும் அவளுக்காகக் காத்திருக்கின்றன. குழந்தையின் தூக்கத்தை அளந்தே அவளுடைய வேலைநேரம் அமைகிறது.

அந்தக் களிமண் தாலாட்டின் முடிவில் ஒரு வேண்டுதல் வருகிறது. மது அருந்தியவர் மீது இறங்குவதுபோல, மதுக்கடைக்காரியின் மகன் மீது இறங்குவதுபோல, இந்தக் குழந்தை மீதும் தூக்கம் இறங்கட்டும். மெசபடோமியாவில் பெண்கள் மதுக்கடை நடத்தினார்கள்; ஹம்முராபியின் சட்டத்தில் அவர்களுக்கெனத் தனி விதிகளும் கடும் தண்டனைகளும் உள்ளன. அந்த மகன் கள் வாடையில் மயங்கித் தூங்கினான் என்று இவ்வரியைப் படிப்பவர்கள் உண்டு. எனக்கு வேறு காட்சி தெரிகிறது. அம்மா வேலையில் இருக்கிறாள், கடையில் கூச்சல், தாலாட்ட அவளுக்கு நேரமில்லை. அந்தச் சத்தத்துக்குள்ளேயே தூங்கப் பழகிய பிள்ளை அவன். அவனுக்கு மந்திரம் தேவைப்படவில்லை. எந்தத் தெய்வமும் விழித்துக்கொண்டதாகவும் பாட்டு சொல்லவில்லை.

தோழிகளே, தாலாட்டுகளைத் தாய்மையின் இனிமைக்குச் சான்றாக மட்டும் படிக்க நமக்குக் கற்றுத்தந்திருக்கிறார்கள். அவற்றை உழைப்பின் ஆவணமாகவும் படிக்கலாம். எந்தத் தாலாட்டைக் கேட்டாலும், தூங்கப்போவது குழந்தை; தூக்கம் காக்கப்படுவது யாருடையது, தூங்காமல் இருப்பது யார் என்று கேட்டுப் பாருங்கள்.