மருந்துக்காக ஒரு சத்தியாக்கிரகம்

1998ஆம் ஆண்டு டிசெம்பர் மாதம் 10ஆந் திகதி. தென்னாபிரிக்காவின் கேப் டவுன் நகரிலுள்ள சென் ஜோர்ஜ் பேராலயத்தின் படிகளிலே ஒரு சிறு கூட்டத்தினர் உண்ணாநோன்பிருந்தனர். வருவோர் போவோரிடம் கையொப்பமும் வேண்டினர். கருவுற்ற தாயிடமிருந்து எயிட்ஸ் நோய்க்கிருமி குழந்தைக்குத் தொற்றாமற் காக்கும் மருந்தை அரசாங்கம் வழங்கவேண்டும் என்பதே அவர்களது கோரிக்கை. சிகிச்சைச் செயல் இயக்கம் பிறந்தது அவ்வாறே.

அதே மாதத்திலே, தமக்கு அந்நோய்க்கிருமி உண்டென வெளிப்படையாய்க் கூறிய ஒரு பெண், டர்பன் நகருக்கருகே அடித்துக் கொல்லப்பட்டார். ஆகவே இயக்கத்தினர், நோயுற்றோரும் நோயற்றோரும் ஒருங்கே, ‘எச்.ஐ.வி. உடையவர்’ என்று பொறித்த சட்டையை அணியலாயினர். இவருள் நோயாளர் யாவர் எனப் பிறர் அறிதல் எங்ஙனம்! சேரிகள்தோறும் ஏழைப் பெண்கள் மருந்தியலைக் கற்றுப் பிறர்க்கும் கற்பித்தனர்.

ஓர் ஆளுக்கு ஆண்டொன்றில் 10,000 டொலருக்கு மேற்பட்ட விலையில் விற்கப்பட்ட மருந்துகளை, 2001 பெப்ரவரியில் மும்பாயின் சிப்லா நிறுவனம் 350 டொலருக்குத் தர முன்வந்தது. மலிவு மருந்துக்கு வழிதிறந்த சட்டத்தை எதிர்த்து 39 மருந்து நிறுவனங்கள் தொடுத்திருந்த வழக்கும், மக்கள் எதிர்ப்பினால், அவ்வாண்டு ஏப்ரில் மாதத்திலே கைவிடப்பட்டது.

எனினும் அரசாங்கம் இணங்கவில்லை. எயிட்ஸ் நோய்க்குக் காரணம் அக்கிருமிதானா என்றே சனாதிபதி உம்பெக்கி ஐயுற்றார். பிரசவ வேளையில் தாய்க்கு ஒரு மாத்திரை, பிறந்த குழந்தைக்குச் சில துளிகள்: நெவிரப்பின் மருந்துக்கு வேண்டியது இவ்வளவே. உற்பத்தியாளர் ஐந்தாண்டுக்கு இலவசமாய்த் தர இசைந்தும், மாகாணத்துக்கு இரண்டு இடங்களில் மட்டுமே அது வழங்கப்பட்டது. இயக்கத்தினர் வழக்குத் தொடுத்தனர். 2002 யூலை 5ஆந் திகதி அரசியலமைப்பு நீதிமன்றம், அக்கட்டுப்பாட்டை நீக்குமாறு ஒருமனதாய்த் தீர்ப்பளித்தது.

இயக்கத் தலைவர் சாக்கி அக்மத் தாமும் அக்கிருமியுடன் வாழ்ந்தவர். பொது வைத்தியசாலையில் ஏழைக்குக் கிட்டாத மருந்தைத் தாமும் உட்கொள்வதில்லையென அவர் விரதம் பூண்டார். நெல்சன் மண்டேலா இல்லந்தேடி வந்து வேண்டியும் அவர் இசையவில்லை. காந்தியடிகளின் அறப்போர் முளைத்த மண்ணல்லவா அது! 2003 மார்ச்சில் இயக்கம் சட்டமறுப்பில் இறங்கியது. ஆகஸ்டிலே, மருந்து வழங்கத் திட்டம் வகுக்குமாறு அமைச்சரவை பணித்தது. அதன் பின்னரே அக்மத் மாத்திரையைக் கையிலெடுத்தார்.

அத்தாமதம் கொண்ட உயிர்கள் 330,000க்கு மேல் என 2008இல் ஹாவார்ட் பல்கலைக்கழக ஆய்வாளர் கணக்கிட்டனர்.